தலைகீழாய் நின்ற எட்டு

ஸ்கோர் பலகைக்கு முன்னால் உட்கார்ந்து ஆட்டம் பார்த்தவர்கள் லட்சம் பேர் இருப்பார்கள். அதன் முதுகுப்புறம் நின்றுகொண்டு முப்பத்தோரு வருடம் ஆட்டத்தைப் பார்க்காமலே எண் மாட்டியவள் ஒருத்திதான். பெற்றவர்கள் வைத்த பெயர் சம்பளப் பட்டியலோடு சரி. மைதானத்தில் பலகையக்கா என்றால்தான் தெரியும்.

பலகை என்பது உண்மையில் மூன்று மாடி உயரத்துக்கு ஒரு இரும்புக் கூண்டு. உள்ளே ஏணி, ஆணி ஆணியாய்த் தகர எண்கள், நடுவில் கையகல இடுக்கு. அந்த இடுக்கு வழியாக ஒரு நடுவரின் முதுகு தெரியும். மாட்ட வேண்டிய எண்ணை ஸ்கோரர் போனில் சொல்வார்; பலகையக்கா ஆயுளில் பார்த்த கிரிக்கெட் முழுவதும் அந்த முதுகுதான். முதுகு விறைத்தால் விக்கெட், குலுங்கினால் யாரோ ஜோக் அடித்திருக்கிறார்கள். வெயில் நாளில் உள்ளே ஒரு சொம்புத் தண்ணீரை வைத்தால் அரை மணியில் டீத்தூள் போட்டுக்கொள்ளலாம். பொய் என்பவர்கள் ஒரு சித்திரை வெயிலில் உள்ளே ஏறிப் பார்க்கட்டும்.

கீழ் வரிசைக்கு இன்னொருவர் உண்டு. ஏணியில் ஒரு படி ஏறுவதற்குள் ஒரு ஓவர் முடிந்துவிடும். அதனால் அவருக்கு மின்னல் என்று பெயர்.

கூண்டை முதலில் ஆண்டவர் அக்காவின் அப்பா. காது இரண்டும் கிண்ணம் போல் விரிந்திருக்கும் மனிதர். எண்களைத் தம் கையால் வரைந்தவர் அவர்தான். ஆறைக் கவிழ்த்தால் ஒன்பது என்பதால் எல்லாத் தகட்டுக்கும் மேலும் கீழும் துளை போட்டார். எட்டை மட்டும் சின்னத் தலை, பெரிய வயிறு என்று வரைந்துவிட்டார். கவிழ்த்தால் பூசணித் தலையும் ஒல்லி இடுப்புமாய்ச் சிரிப்பாய் நிற்கும்.

அக்காவும் தங்கச்சியும் விடுமுறை நாட்களில் அப்பாவுக்கு எடுபிடி. மேல் வரிசை அக்காவுக்கு, கீழ் வரிசை தங்கச்சிக்கு. காலையில் சண்டை, மாலையில் சண்டை, நடுவில் உணவு இடைவேளை. சண்டை முற்றிப் பேச்சு நின்றால் அதற்கும் ஒரு சட்டம் வைத்திருந்தார்கள். தப்பு யார் பேரிலோ அவள் தன் வரிசையில் எட்டைக் கவிழ்த்து மாட்ட வேண்டும். மற்றவள் மன்னித்துவிட்டால் தன் எட்டையும் கவிழ்ப்பாள். வாயால் மன்னிப்புக் கேட்கிற வழக்கம் அந்த வீட்டில் யாருக்கும் வரவில்லை.

தங்கச்சி கல்யாணமாகிக் கடல் தாண்டிப் போனாள். அப்பா கண்மூடிய அன்று அவள் வரவில்லை. போனில் அக்கா, "அப்பாவுக்கு வராதவ எனக்கும் வர வேண்டாம்டி" என்று சொல்லிவிட்டாள். அந்தப் பக்கம் ஒரு மூச்சு கேட்டது. அப்புறம் அதுவும் இல்லை.

இரண்டு வருடம் கழித்து ஒரு உறவுக்காரி வந்து சொன்னாள். அந்த வாரம் தங்கச்சி நிறைமாதமாய் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தாளாம், எழுந்து நடக்கவே கூடாது என்றிருந்தார்களாம். பெண் பிறந்ததாம். அக்கா, தங்கச்சி வீட்டு நம்பர் எழுதிய சீட்டை எடுத்தாள், மடித்தாள், பிஸ்கட் டப்பாவில் வைத்தாள். அப்படி எடுத்து மடித்தே ஏழு வருடம். எடுத்துப் பேசி, அவள் வைத்துவிட்டால்? அதற்குப் பிறகு எதிர்பார்க்கவும் ஒன்றும் மிஞ்சாதே.

அப்போதுதான் தங்கச்சி குடியேறிய நாட்டு அணி சுற்றுப்பயணம் வந்தது. அந்த ஊர் டிவியில் நேரடி ஒளிபரப்பு. ஐந்து நாள் ஆட்டம், பலகையக்காவின் மைதானம்.

முதல் நாள் காலையில் மேல் வரிசையில் முதல் எட்டு கவிழ்ந்தது.

"அக்கா, எட்டு தலைகீழா நிக்குது" என்றார் மின்னல்.

"நிக்கட்டும். நீயும் இன்னிக்கு எல்லா எட்டையும் கவுத்தே மாட்டு. எந்த வரிசையை டிவியில காட்டுவானோ."

"எதுக்கு?"

அக்கா சொன்னாள். மின்னல் காதுக்குப் பின்னால் சொறிந்தார். "ஒரு கடுதாசி போட்டா ஆகாதா?"

"போடலாம். ஆனா அவ பார்த்தா அந்த நொடியிலயே புரிஞ்சுக்குவா. கடுதாசியில என்ன எழுதறதுன்னு எனக்குத் தெரியல."

கேமராக்காரர்களுக்கோ பலகை மேல் கண்ணே போகவில்லை. பந்தைக் காட்டினார்கள், பந்துவீச்சாளரின் மூக்கைக் காட்டினார்கள், கம்பத்தில் உட்கார்ந்த காக்காயைக்கூட மூன்று தடவை காட்டினார்கள். சாயங்காலம் கேட்டால், ஊழியர் அறை டிவியில் ஆட்டம் பார்த்த காவலாளி கதை கதையாகச் சொல்வான். பலகை மட்டும் அதில் வராது. இரண்டாம் நாளும் அப்படியே. மூன்றாம் நாள் ஸ்கோரர் போனில் எண்ணோடு நிறுத்தவில்லை. எதிர்ப்புறத்து அறையில் கண்ணாடிக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கும் கறார்ப் பேர்வழி அவர்.

"என்னம்மா இது, எட்டெல்லாம் தண்ணி போட்டுட்டு நிக்குது?"

"காத்து சார்."

"காத்துல தகடு கழண்டு, கவுந்து, தானா மாட்டிக்குமா? இன்னொரு தடவை பார்த்தேன், அடுத்த மேட்சுக்கு உள்ள விட மாட்டேன்."

நாலாம் நாள் அக்கா எட்டை நேராக மாட்டினாள். நேராக நின்ற ஒவ்வொரு எட்டும் அவளை முறைத்தது. இந்த அணி போனால் மறுபடி எத்தனை வருடமோ.

ஐந்தாம் நாள் தேநீர் இடைவேளைக்கு முன் கடைசிப் பந்து. வந்தவர்கள் அணி இருநூற்று எண்பத்தெட்டுக்கு எட்டு விக்கெட். ஆடிக்கொண்டிருந்தவர் எண்பத்தெட்டு. மொத்தம் ஐந்து எட்டு. இட்டுக்கட்டிச் சொல்கிறேன் என்பவர்கள் அன்றைய பேப்பரை எடுத்துப் பார்க்கலாம்.

அக்கா மின்னலைப் பார்த்தாள். மின்னல் அக்காவைப் பார்த்தார். "ஸ்கோரர் டீ குடிக்கப் போயிருப்பார்" என்றார். சொன்ன வேகத்தில் ஏணியில் ஏறினார் பாருங்கள், அன்று ஒருநாள்தான் அந்தப் பெயருக்கு நியாயம் செய்தார்.

ஐந்து பூசணித் தலைகளும் வரிசையாக நின்றன. எண்களின் அதிசயத்தைக் காட்டக் கேமரா மெல்லத் திரும்பியது. ஒன்பது நொடி. வர்ணனையாளர்கள் சிரிக்கிற சத்தம் காவலாளியின் ரேடியோவில் கேட்டது. "எட்டுக்கெல்லாம் கிறுகிறுப்பு வந்துவிட்டது போலிருக்கிறது!"

ஸ்கோரர் வாக்குத் தவறாதவர். அடுத்த ஆட்டத்துக்கு அக்கா கூண்டுக்கு வெளியே. வீட்டில் போனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். யார் யாரோ கூப்பிட்டார்கள். தவறான நம்பர் ஒருவர் நாலு தடவை கூப்பிட்டு, கடைசியில் சுகம் விசாரித்தே வைத்தார். வர வேண்டிய அழைப்பு வரவில்லை. ஒரு மாதத்தில் காத்திருப்பதைக் காட்டிக்கொள்ளாமல் இருக்கப் பழகினாள். குளிக்கப் போனால் மட்டும் கதவைச் சாத்தாமல் ஒரு விரற்கடை விட்டுவைத்தாள்.

ஏழு மாதம் கழித்து நம் அணி அங்கே பதில் பயணம் போனது. அங்கே மத்தியானம் என்றால் இங்கே விடியற்காலை. மைதானத்து ஊழியர் அறையில் டிவி. ஒரு பெஞ்சு முழுவதும் மின்னல், மிச்ச ஓரத்தில் அக்கா. ஸ்கோரர் கோபம் ஆறி அவளைத் திரும்பச் சேர்த்துக்கொண்டிருந்தார்.

ஒரு பந்து பறந்து எல்லைக்கோட்டைத் தாண்டியது. கேமரா கூட்டத்துக்குள் போனது. கொடிகள், தொப்பிகள், நடுவில் ஒருத்தி தலைக்கு மேல் வெள்ளை அட்டையைத் தூக்கினாள். தூக்கிய வேகத்தில் அது முகத்துக்கு நேராக இறங்கி நின்றது. அட்டையில் ஒரே ஒரு எட்டு. பெரிய தலை, ஒல்லி இடுப்பு.

"எட்டாம் நம்பர் சட்டைக்காரரின் ரசிகை" என்றார் வர்ணனையாளர். "பாவம், அட்டையைத் தலைகீழாகப் பிடித்திருக்கிறார்."

பக்கத்தில் ஒன்பது வயதுப் பெண் ஒருத்தி குதித்துக்கொண்டிருந்தாள். அவளுக்குக் காது இரண்டும் கிண்ணம் போல் விரிந்திருந்தது.

பலகையக்கா எழுந்து டிவிக்கு ஒரு சாண் தூரத்தில் போய் நின்றாள். "அட்டையை இறக்குடி" என்றாள். "பார்த்துட்டேன்டி, இறக்கு. மூஞ்சியைக் காட்டு."

கேமரா பந்துவீச்சாளரின் மூக்குக்குத் திரும்பிவிட்டது.

"போன் போட்டுப் பேசேன்க்கா" என்றார் மின்னல், மூக்கை உறிஞ்சிக்கொண்டு.

"அவ கிரவுண்டுல இருக்கா. வீட்டு போனை யாரு எடுப்பா? ஆட்டம் முடியட்டும், போடறேன்." சேலை முந்தியில் முடிந்திருந்த சீட்டை அவிழ்த்து உள்ளங்கையில் விரித்துக்கொண்டாள். கண் திரையை விட்டு அகலவில்லை. மட்டைக்காரர் கையுறையைச் சரிசெய்துகொண்டிருந்தார்.

"ராசா," என்றாள் அவரிடம், "இன்னொரு தடவை அதே பக்கம் அடிடா."