மாமியாரின் எடையைக் கேட்ட டொக்டர்

லண்டனில், நோர்பரியில் ஒரு தமிழ்க் கடையில் வேலை செய்கிறேன். கடையில் சனம் குறைந்தால் பகிடி விடுவது என் பழக்கம். அன்றைக்குக் குரோய்டனில் நடந்த என் அகதி விசாரணையை இரண்டு வாடிக்கையாளர்களுக்கு நடித்துக் காட்டிக்கொண்டிருந்தேன். அதிகாரி ஐந்து நிமிடம் நீட்டி முழக்கிக் கேள்வி கேட்பார். மொழிபெயர்ப்பாளர் என் பக்கம் திரும்பி, "ஏன் வந்தனி?" என்பார். நான் ஐந்து நிமிடம் அழுதழுது கதை சொல்வேன். அவர் அதிகாரியிடம், "பிரச்சினையாம்" என்று முடித்துவிடுவார்.

பச்சை மிளகாய் வாங்க வந்த ஒரு மெக்சிகோக்கார அம்மாவும் நின்று விழுந்து விழுந்து சிரித்தார்.

"ஒரு சொல்லும் விளங்கவில்லை. ஆனாலும் சிரிப்பை அடக்க முடியவில்லை" என்றார் ஆங்கிலத்தில்.

அவர் தன் நாட்டில் மேடைக் கோமாளியாக இருந்தவர். இங்கே ஞாயிறு மத்தியானங்களில் ஒரு மண்டபத்தில் தன் சனத்துக்குச் சிரிப்பு நாடகம் போடுகிறார். டொக்டர் வேடம் போட்டவர் ஊருக்கே திரும்பிவிட்டாராம். அந்த வேடத்துக்கு என்னை வரச் சொன்னார்.

"எனக்கு ஸ்பானிஷ் தெரியாதே!"

"டொக்டர் பேசுவது யாருக்கு விளங்குகிறது? உங்கள் மீசை போதும்."

வீட்டில் சொன்னேன். மனைவி அரிசி கழுவுவதை நிறுத்தவில்லை.

"உங்களை டொக்டராக்கவெண்டு உங்கட அப்பா பட்ட பாடு! கடைசியிலை மெக்சிகோவிலை எல்லோ ஆகியிருக்கிறியள்" என்றாள்.

கதை சின்னது. மருமகன் தன் மாமியாரை டொக்டரிடம் கூட்டி வருகிறான். மாமியாராக நடிப்பது அந்த அம்மாவேதான். நான் முதலில், "உன் மாமியாருக்கு எடை எவ்வளவு?" என்று கேட்க வேண்டும். எல்லா வசனத்தையும் தமிழ் எழுத்தில் எழுதி, பஸ்ஸில் போகும்போதும் வரும்போதும் மனப்பாடம் செய்தேன். எடைக்குரிய சொல்லை 'பெசா' என்று எழுதியிருந்தேன்.

வினை அங்கேதான் இருந்தது. தமிழில் 'ப' ஒன்றுதான். 'படம்' என்பதில் ஒரு மாதிரி ஒலிக்கும், 'பஸ்' என்பதில் வேறு மாதிரி ஒலிக்கும். மேடையில் வெளிச்சம் கண்ணில் அடித்தபோது இது எந்தப் 'ப' என்பது மறந்துபோயிற்று. துணிந்து பஸ்ஸின் 'ப'வைப் போட்டேன்.

மண்டபத்தில் கூரை பறக்கிற மாதிரிச் சிரிப்பு. நான் கேட்டது, "உன் மாமியார் எவ்வளவு முத்தம் கொடுப்பாள்?" என்று. மாமியார் சளைக்கவில்லை. வெட்கத்தோடு முந்தானை மாதிரிச் சால்வையை இழுத்து முகத்தை மூடிக்கொண்டு, மருமகனைக் கைகாட்டினார். மருமகன் கதிரையோடு சரிந்தான். அது நாடகத்தில் இல்லாதது.

திரைக்குப் பின்னால் மன்னிப்புக் கேட்டேன். "திருத்தினால் உங்களை மேடையில் ஏற்ற மாட்டேன்" என்றார் அந்த அம்மா.

அப்படியே நான் அவர்களுடைய டொக்டர் ஆனேன். பஸ் தரிப்பிடத்தில் முன்பின் தெரியாதவர்கள் "டொக்டர்!" என்று கூப்பிட்டுத் தங்கள் மாமியாரை அறிமுகப்படுத்துவார்கள்.

செய்தி எங்கள் ஆட்களுக்கும் எட்டியது. ஒரு தமிழ் விழாவில் பகிடி செய்யக் கூப்பிட்டார்கள். தாய்மொழிதானே என்று ஒத்திகை பாராமல் போனேன். முன்வரிசை கைகட்டிக்கொண்டு, பரீட்சை மேற்பார்வைக்கு வந்த மாதிரி இருந்தது. ஒருவரும் பல்லைக் காட்டவில்லை. முடிந்ததும் ஒரு ஓய்வுபெற்ற ஆசிரியர் என் கையைப் பிடித்தார்.

"தம்பி, நல்லாத்தான் செய்தனீர். ஆனால் மூண்டு இடத்திலை ஒருமை பன்மை பிழைச்சுப் போச்சு."

அந்த வெட்கத்தில் ஸ்பானிஷையாவது ஒழுங்காகப் படிப்போம் என்று மாலை வகுப்பில் சேர்ந்தேன். ஆறு மாதத்தில் வசனங்கள் சுத்தமாகின. சிரிப்பு மெலிந்தது. அந்த அம்மா என்னைத் தனியே கூப்பிட்டு, "வகுப்புக்குப் போவதை நிறுத்துங்கள்" என்று கெஞ்சினார். நிறுத்திவிட்டேன். இலக்கணம் ஒரு மாதத்தில் என்னை விட்டுப் போய்விட்டது. சனம் திரும்பவும் சிரித்தது.

போன ஞாயிறு நாடகம் முடிய ஒரு வயதான மெக்சிகோக்காரர் வந்து என்னைக் கட்டிப்பிடித்தார். மெக்சிகோவில் எந்தப் பக்கம் என்று கேட்டார். பொய் சொல்ல மனம் வரவில்லை.

"யாழ்ப்பாணம்."

அவர் கண்ணை மூடிக் கொஞ்சம் யோசித்தார்.

"தெரியும், தெரியும்" என்றார். "மலைப்பக்கம். என் மச்சானுக்கு அங்கேதான் பெண் எடுத்தார்கள்."