கென்ஜி பேச மறுத்த அறிவிப்பு

1. முதல் நாள்

இரண்டாயிரங்களின் தொடக்கத்தில், லண்டன் சோஹோவில் ஒரு சிறிய ஸ்டூடியோவில் சவுண்ட் எஞ்சினியராகச் சேர்ந்தேன். முதல் நாள் கண்ணாடிக்கு அப்பால் மைக் முன்னால் நின்றவர் கென்ஜி. டோக்கியோவில் இருபது வருடம் கார்ட்டூன்களுக்குக் குரல் கொடுத்துவிட்டு, ஆங்கிலேய மனைவியோடு இங்கே குடியேறியவர். அன்று காலை அவர் ஒரு தவளையாகவும், ஒரு சக்கரவர்த்தியாகவும், கொதிக்கும் கேத்தலாகவும் பேசினார். மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு ஆறு வயதுச் சிறுமியாக அழுதார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. அவருக்கு வயது ஐம்பத்தெட்டு.

எங்கள் புரொடியூசர் மார்ட்டின் இந்தத் திறமையை ஃபைலில் இரண்டே சொல்லில் எழுதி வைத்திருந்தார்: "ஏஷியன், எல்லாம்." சீன உணவக முதலாளி, கொரிய டாக்டர், நாடே தெரியாத வில்லன் எல்லாம் கென்ஜிதான்.

"சீன உச்சரிப்பு எனக்கு வராது" என்று ஒருமுறை கென்ஜி சொன்னார்.

"பரவாயில்லை, எனக்கும் தெரியாது" என்றார் மார்ட்டின்.

2. ஏழாவது மொழி

ஒரு வீடமைப்பு நிறுவனம் தன் மாடிக் கட்டடங்களுக்குத் தீ எச்சரிக்கை அறிவிப்பை ஏழு மொழிகளில் கேட்டது. தமிழ் பேச வேண்டிய பெண்ணுக்குக் காய்ச்சல். நிறுவனத்தின் அதிகாரி ஏற்கெனவே சோபாவில் வந்து உட்கார்ந்திருந்தார்.

"நான் பேசுகிறேன்" என்றேன்.

"நீ எஞ்சினியர், சிவா. குரல் என்பது ஒரு தொழில்" என்ற மார்ட்டின், பக்கத்து அறையிலிருந்த கென்ஜியை அழைத்தார்.

நான் வரிவரியாகச் சொல்ல, கென்ஜி ஹெட்போனில் கேட்டுத் திருப்பிச் சொன்னார். "லிஃப்டில் ஏறாதீர்கள்" என்பது "ரிஃப்திரு ஏராதீருகரு" என்று வந்தது. அதிகாரி, மிக இயல்பாக இருக்கிறது என்றார். மார்ட்டின் என்னைப் பார்த்தார். எனக்கு வேலை இன்னும் நிரந்தரமாகவில்லை. நன்றாக இருக்கிறது என்று சொன்னேன்.

கென்ஜி நம்பவில்லை. "தமிழ் தெரிந்த இன்னொருவருக்குப் போட்டுக் காட்டுங்கள்" என்றார்.

கிழக்கு லண்டனில் வீட்டிலிருந்த என் மனைவிக்குப் போன் செய்து, ரிசீவரை ஸ்பீக்கரிடம் பிடித்தேன்.

"இஞ்சேருங்கோ, ஆர் இந்தாள்? பல்லுக் கழட்டினவரோ? லிஃப்டில ஏறச் சொல்லுறாரோ, வேண்டாம் எண்டுறாரோ?"

"வேண்டாம் எண்டு."

"எனக்கே விளங்கேல்லை. நெருப்புக்குள்ள, எட்டாம் மாடியில, பிள்ளையோட நிக்கிறவளுக்கு விளங்குமே?"

பல்லை மட்டும் விட்டுவிட்டு மற்றதையெல்லாம் மொழிபெயர்த்தேன். கென்ஜி ஹெட்போனைக் கழற்றி வைத்தார்.

"தவளை பிழையாகப் பேசினால் குழந்தைகள் சிரிப்பார்கள். இதை நான் பேச மாட்டேன். சிவா பேசட்டும்."

"கிளையன்ட் ஓகே சொல்லிவிட்டார்."

"கிளையன்ட் அந்தக் கட்டடத்தில் இல்லை."

"இப்படியென்றால், இனி உங்களைக் கூப்பிடுவது கஷ்டம்" என்றார் மார்ட்டின்.

கென்ஜி கோட்டை மாட்டிக்கொண்டார். ஆனால் போகவில்லை; வேறு வழியில்லாமல் மார்ட்டின் என்னை மைக் முன்னால் அனுப்பியதும், என் பக்கத்தில் வந்து நின்றார். என் முதல் டேக்கைக் கேட்டுவிட்டு, "அதிகாரி போலப் பேசாதீர்கள். இப்போது போனில் பேசினாரே, அவரிடம் சொல்லுங்கள்" என்றார். அவளிடமே சொன்னேன். மார்ட்டினுக்கு அது கொஞ்சம் தட்டையாகப் பட்டது. ஆனாலும் அந்தக் கட்டடங்களுக்கு அதுவே போனது.

3. பிறகு

எட்டு மாதம் கென்ஜியை யாரும் கூப்பிடவில்லை. அவர் சனிக்கிழமைகளில் ஜப்பானிய மொழி கற்பித்தார். பிறகு பதினொரு பாத்திரங்கள் உள்ள ஒரு கார்ட்டூன் வந்தது. அதற்கு வேறு ஆள் இல்லை. மார்ட்டினே போன் செய்து, "எங்கே போய்விட்டீர்கள்?" என்று உரிமையோடு கோபித்துக்கொண்டார்.

மார்ட்டினுக்கும் அதிகாரிக்கும் தமிழ் தெரியாது. அவர்கள் சொன்னதில் பொய் இல்லை. அந்த அறையில் தமிழ் தெரிந்தவன் நான் ஒருவன்தான். இந்தத் தொழிலுக்கு வருகிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: உங்களுக்குத் தெரிந்த மொழியில் பிழை காதில் விழுந்தால் அப்போதே சொல்லிவிடுங்கள். வேலை நிரந்தரமான பிறகு சொல்லலாம் என்றுதான் நானும் நினைத்தேன்.