எலுமிச்சம்பழத்தோடு வந்த மாமியார்

கோவில்பட்டியில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் மனநல ஆலோசகராக இருந்து ஓய்வு பெற்றவள் நான். தூக்கம் வராதவர்கள், ஊசிக்குப் பயப்படுகிறவர்கள் என்று பலருக்கு ஹிப்னாஸிஸ் செய்திருக்கிறேன். புதிதாக இந்த வேலைக்கு வரும் பிள்ளைகள் இதை வைத்து என்னவெல்லாம் செய்யலாம் என்றுதான் கேட்கிறார்கள். எதைச் செய்யக்கூடாது என்று எனக்கு விளங்கிய நாளைச் சொல்கிறேன்.

எட்டயபுரம் பக்கத்திலிருந்து, ஆடு வளர்க்கும் வீட்டு அம்மா ஒருவர் மருமகள் மாரியோடு வந்தார். மஞ்சள் பையைத் திறந்து எலுமிச்சம்பழம், வெற்றிலை, சூடம் எல்லாவற்றையும் என் மேஜையில் பரப்பினார். களவு போனால் வெற்றிலையில் மை போட்டுப் பார்ப்பார்களே, நானும் அந்த வகை என்று நினைத்துவிட்டார்.

“டாக்டரம்மா, எஞ் சங்கிலியக் காணும். இவளத் தூங்க வச்சுக் கேளுங்க. உண்மையக் கக்கிருவா.”

“இதுல யாரும் தூங்கமாட்டாங்க. பொய்யும் சொல்லலாம். நான் கேக்கிற தோரணையில, எடுக்காதவளே எடுத்ததா நினைச்சுக்கலாம்” என்றேன்.

மாமியாரை விடுங்கள், மாரியே என் கையைப் பிடித்துக்கொண்டாள். “போடுங்கம்மா. நான் எடுக்கலன்னு தெரியட்டும். இல்லன்னா இவிய என்னய அம்மா வீட்டுக்கே அனுப்பிருவாக.”

சும்மா கண்ணை மூடச் சொல்லிவிட்டு, இவள் எடுக்கவில்லை என்று நான் சொன்னால் போதும், மாரி தப்பித்துவிடுவாள். ஆனால் அதைக் கேள்விப்பட்டு அடுத்த வாரம் யாராவது இன்னொருத்தியை இழுத்து வருவார்கள். அவள் வாய் குழறினால் அவள்தான் திருடி. முடியாது என்றேன்.

“இதுகூட ஏலாதுன்னா என்னத்தப் படிச்சீங்க?” என்றார் மாமியார்.

எனக்கும் கோபம் வந்துவிட்டது. “நீங்களே எங்கயாவது வச்சு மறந்திருக்கலாம்லா? முதல்ல உங்களுக்குப் போட்டுக் கேப்போமா?”

“எனக்கு எதுக்கு? வைக்கலன்னு எம் வாயால சொல்லுதேம்லா, போதாதா?”

“அவளும் வாயாலதானம்மா சொல்லுதா.”

அந்த அம்மா மருமகளையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு எழுந்து, “வாடி, நம்ம வீட்டுக்குப் போவோம். ஆடு கத்திட்டுக் கெடக்கும்” என்றார். பழத்தை மறந்து விட்டுப் போனார். அதைப் பிழிந்து ஜூஸ் போட்டுக் குடித்த பிறகுதான் என் படபடப்பு அடங்கியது.

சங்கிலி கடைசிவரை கிடைக்கவில்லை. ஆனால் பல மாதம் கழித்து இருவரும் சேர்ந்தே வந்தார்கள். மாரிக்குக் கடைவாய்ப்பல் பிடுங்க வேண்டும், ஊசியைப் பார்த்தாலே மயங்கி விழுகிறாளாம். மாமியார் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டார். நாற்காலியில் சாய்ந்த மாரியிடம், “கண்ண மூடச் சொன்னா பயமா இருக்குமா?” என்று கேட்டேன்.

“உங்ககிட்ட எனக்கென்ன பயம்? அன்னைக்கு நான் அந்தக் கெஞ்சு கெஞ்சியும் போடாதவங்கதான நீங்க.”

சொல்லிவிட்டுக் கண்ணை மூடினாள். அவளுக்கு நான் அன்று நன்றி சொல்லவில்லை. என் தொழில் எதில் நிற்கிறது என்று எனக்குக் காட்டியவள் அவள்தான். முடியாது என்று ஒருமுறையாவது சொல்லத் தெரிந்தவரை நம்பித்தான் ஜனங்கள் கண்ணை மூடுகிறார்கள்.