செல்லக்கனி நடித்த பேசாத படங்கள்

சிவகாசிப் பக்கம் விஸ்வநத்தம் ஊர்க்காரரான செல்லக்கனி இதுவரை மூன்று படங்களில் கதாநாயகியாக நடித்திருக்கிறார். மூன்றிலும் ஒரு வரி வசனம் கிடையாது. அவரைத் தெரிந்தவர்கள் இதை நம்ப மாட்டார்கள். பட்டாசு கம்பெனியில் அவர் வெடிகளைப் பெட்டியில் அடுக்கும் கொட்டகையில் பேச்சுச் சத்தம் நின்றால், செல்லக்கனி தண்ணீர் குடிக்கிறார் என்று அர்த்தம்.

படம் என்றால் தியேட்டருக்கு வருகிற படம் இல்லை. முதலாளிகள் சிலர் சேர்ந்து, தொழிலாளர்களுக்குப் போட்டுக் காட்ட எடுத்த பாதுகாப்புப் படங்கள். வேலைக்கு வருகிறவர்களில் இப்போது இந்திக்காரர்களும் இருப்பதால் எந்த மொழியும் வேண்டாம், இசை மட்டும் போதும் என்று செல்லக்கனியின் முதலாளி மணிகண்டராஜ் சொல்லிவிட்டார். எடுத்தவர் சாத்தூரில் கல்யாண வீடியோ எடுக்கும் முத்துக்கிருஷ்ணன். நாலு பேரை நிற்க வைத்துப் பார்த்துவிட்டு, கேமராவைக் கண்டு கூச்சப்படாத ஒரே ஆள் என்று செல்லக்கனியைத் தேர்ந்தெடுத்தார்.

முதல் படத்தில் செல்லக்கனி, இடுப்பில் செல்போனைச் செருகிக்கொண்டு வேலைக்குப் போய்க் கொட்டகையையே எரிய வைக்கிற பெண். எரிந்த கொட்டகை முன் நின்று அழ வேண்டும். அழுகை வரவில்லை. கிளிசரின் போட்டார்கள். கண் சிவந்ததே தவிர, முகம் ரேஷன் கடை வரிசையில் நிற்கிற முகமாகவே இருந்தது.

"அக்கா, வாய மூடிக்கிட்டு நின்னா உங்களுக்கு நடிப்பு வர மாட்டேங்குது. எதையாச்சும் பேசுங்க. சத்தம் பதிவாகாது" என்றார் முத்துக்கிருஷ்ணன்.

"எதைப் பேச?"

"என்ன வேணாலும் பேசுங்க. யாருக்குக் கேக்கப் போவுது?"

அன்று மதியம் போட்ட சாம்பாரைப் பற்றி செல்லக்கனி பேச ஆரம்பித்தார். இரண்டாவது வாக்கியத்தில் உதடு துடித்தது. மூன்றாவதில் கண்ணீர் தானாக வழிந்தது. பிறகு அந்தக் காட்சியை இசையோடு பார்த்த பெண்கள் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டார்கள்.

அதிலிருந்து அவருக்கு நடிப்பின் சூத்திரம் பிடிபட்டுவிட்டது. கோபம் வேண்டுமென்றால் வீட்டுக்காரர் காளிராஜின் குறட்டையைப் பற்றிப் பேசுவார். பயம் வேண்டுமென்றால் மூத்த நாத்தனார் வருகையைப் பற்றி. பெயரும் பரவியது. சிவகாசி பேருந்து நிலையத்தில் ஓர் அம்மா, "கொட்டகைய எரிச்சவுக நீங்கதான?" என்று கேட்டுவிட்டுத் தன் பையை நகர்த்தி வைத்துக்கொண்டார். சொந்தக் கம்பெனி வாசலில் வாட்ச்மேன் சங்கிலிமுத்து, எல்லாரையும் ஒரு தடவை சோதித்தால் செல்லக்கனியை இரண்டு தடவை சோதித்தார்.

"ஏண்ணே, அது படம்ணே."

"படத்துல எவ்வளவு அசால்ட்டா செருகுனீக. பழக்கமில்லாம வருமா?"

மூன்றாவது படம் தீபாவளிக்கானது. பிள்ளையைத் தனியாக வெடி போட விட்டு, வீட்டுக் கூரையைப் பறிகொடுக்கிற தாய். வசனமில்லாத படம், காது கேளாத பிள்ளைகளுக்குத்தான் முதலில் காட்ட வேண்டும் என்று மணிகண்டராஜுக்குத் தோன்றியது. விருதுநகரில் ஒரு பள்ளியில் ஏற்பாடானது. செல்லக்கனி பட்டுச்சேலையில் மேடையில் உட்கார்ந்தார்.

படம் ஓடியது. கூரை எரிந்தது. செல்லக்கனி நெஞ்சில் அடித்துக்கொண்டு கதறினார். பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

மணிகண்டராஜ் முகம் சுருங்கியது. "என்ன டீச்சர், வீடு எரியிது, சிரிக்கிறாக?"

ஆசிரியை பியூலா நெளிந்தார். "உதட்ட வச்சே பேச்சப் படிச்சிருவாங்க சார். அதான்..."

"என்ன பேச்சு? வசனமே கிடையாதே. சும்மா சொல்லுங்க."

பியூலா பிள்ளைகளைப் பார்த்துச் சைகையில் கேட்டார். முன்வரிசையில் இருந்த கீர்த்திகா எழுந்து கைகளால் விளக்கினாள். பியூலா மைக்கில் மெதுவாக மொழிபெயர்த்தார்: "'மூக்குக் கண்ணாடிய மண்டையில ஏத்தி வச்சிக்கிட்டு, காலையில இருந்து அம்புட்டுப் பேரையும் தேட விட்டுட்டாரே இந்த மொதலாளி. நான் சொல்லவா வேண்டாமா.'"

வேலை போய்விட்டது என்றே செல்லக்கனி முடிவு செய்துவிட்டார். மணிகண்டராஜின் கை தானாகத் தலைக்குப் போனது. கண்ணாடி அங்கேதான் இருந்தது.

முதலில் சிரித்தது அவர்தான். "அன்னைக்கு மதியம் வரைக்கும் தேடுனேன். சொல்லித் தொலைச்சிருக்கலாம்ல?"

"சொல்லிட்டா பேச விஷயமில்லாமப் படம் பாதியில நின்னுருமேன்னு சொல்லல மொதலாளி. அழுக அம்புட்டு நல்லா வந்துச்சு" என்றார் செல்லக்கனி. அது உண்மையும்கூட.

முத்துக்கிருஷ்ணன் அந்தக் காட்சியை வெட்டிவிடலாம் என்றார். பிள்ளைகள் கூடாது என்று கையாட்டினார்கள். மணிகண்டராஜும் விடவில்லை.

விஷயம் கம்பெனிகளுக்கும் பரவியது. முன்பெல்லாம் பாதுகாப்புப் படம் போட்டால் பாதிப் பேர் கண்ணயர்ந்துவிடுவார்கள். இப்போது செல்லக்கனியின் வாயையே பார்த்துக்கொண்டு கடைசிவரை உட்கார்ந்திருக்கிறார்கள். "இந்த எடத்துல உன்னையத்தான் சொல்லுதா" என்று ஒருவரை ஒருவர் இடிக்கிறார்கள். இந்திக்காரர்கள்கூட அர்த்தம் கேட்கிறார்கள். கேட்டுக்கொண்டே செல்போனைக் கொண்டுவரக் கூடாது என்பதும் மண்டையில் ஏறிவிடுகிறது.

நான்காவது படம் இப்போது தாயில்பட்டியில் எடுக்கிறார்கள். முதல் நாளே காளிராஜ் லீவு போட்டுவிட்டு வந்து, கேமராவுக்குப் பக்கத்தில், மனைவியின் வாய் நன்றாகத் தெரிகிற இடமாகப் பார்த்து நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டார். செல்லக்கனி அழ வேண்டிய காட்சி. அவர் காளிராஜைப் பார்த்தார், முத்துக்கிருஷ்ணனைப் பார்த்தார்.

"தம்பி, இந்த ஷாட்ட முதுகுப் பக்கமா எடுத்துக்கிடலாமா?"