ஐந்து என்று சொன்ன கை

பேருந்தில் ஜன்னலோர இருக்கை கிடைத்துவிட்டால் கையக்கா தூங்கிவிடுவார். கைகள் மட்டும் தூங்குவதில்லை. மடியில் கிடந்தபடியே விரல்கள் ஒன்றையொன்று தொடும், விலகும், காற்றில் எதையோ கிள்ளி எடுக்கும், பிறகு மெல்லப் படியும். பக்கத்தில் இருப்பவர்கள் ஏதோ நரம்புக் கோளாறு என்று நினைத்து, பாவம் என்று நகர்ந்து இடம் கொடுப்பார்கள். கோளாறு ஒன்றுமில்லை. மற்றவர்கள் தூக்கத்தில் வாயால் உளறுவதை இவர் கையால் உளறுகிறார். "அப்படி என்னக்கா கனவு?" என்று ஒருநாள் கேட்டேன். "தெரியலம்மா. கனவுல ஒருத்தரும் வாயைத் திறக்கறதே இல்ல. ஆனா ஒரே கூச்சல்," என்றார்.

நான் வேலை பார்க்கும் மருத்துவமனைக்குத்தான் அவரும் வருகிறார். நான் செவிலி, அவர் சைகைமொழிக்காரர். காது கேளாதவர்கள் வந்தால் டாக்டர் வாயால் சொல்வதைக் கையால் சொல்வார், அவர்கள் கையால் சொல்வதை வாயால் சொல்வார். வேலைக்குச் சேர்ந்தபோது கொடுத்த தாளில் ஒரு முழநீளப் பதவிப் பெயர் இருக்கிறதாம். வாசல் காவலாளி முதல் பெரிய டாக்டர்வரை எல்லோருக்கும் அவர் கையக்காதான். ஐம்பத்தாறு வயது. மோதிரம், வளையல் எதுவும் கிடையாது. "வாயில மிட்டாயைப் போட்டுக்கிட்டா ஒழுங்கா பேச முடியுமா?" என்பார். பூப்போட்ட உடை உடுத்தமாட்டார். எப்போதும் ஒரே அடர்நிறம். "பின்னால துணி கத்திச்சுன்னா என் பேச்சு எப்படிக் கேக்கும்?"

பிறவியிலேயே காது கேளாத தம்பி ஒருவர் அவருக்கு உண்டு. ரொட்டிச் சூளையில் வேலை. அக்காவும் தம்பியும் மட்டும்தான் வீட்டில். நான் போயிருக்கிறேன். சின்ன வீட்டுக்குக் கொஞ்சமும் பொருந்தாத பெரிய விளக்கு சாப்பாட்டு மேசைக்கு மேலே தொங்கும். "கரண்ட் போனா எங்க வீட்டுல சண்டை தன்னால நின்னுடும்" என்று கையக்கா சிரிப்பார்.

அந்தக் கையில் வந்த வினை ஒரு பயறளவு முடிச்சாகத்தான் வந்தது. வலது உள்ளங்கையில், மோதிரவிரலுக்கு நேர் கீழே. வலியில்லை. பை தூக்கிய காய்ப்பு என்று விட்டுவிட்டார். இரண்டு மூன்று வருடங்களில் முடிச்சிலிருந்து விரலை நோக்கித் தோலுக்கடியில் ஒரு கயிறு ஓடியது. மோதிரவிரல் உள்ளங்கையைப் பார்த்துக் குனிந்தது. துணைக்குச் சுண்டுவிரலும் குனிந்தது. முகம் கழுவினால் விரல் கண்ணில் குத்தும். பையில் கைவிட்டால் விரல் மாட்டிக்கொண்டு, மொத்தப் பையும் வெளியே புரண்டு வரும். பகலின் வெளிச்சம் மாறுவதுபோல அவ்வளவு மெதுவாக நடந்ததால், எந்த நாளில் அது மாறியது என்று அவருக்கே தெரியவில்லை.

முதலில் கண்டுபிடித்தது தம்பிதான். ஒருநாள் சாப்பிட்டுக்கொண்டே அக்காவின் கையைக் கூர்ந்து பார்த்துவிட்டு, "என்ன, உன் பேச்சுல மழலை வருது?" என்று கையால் கேட்டார். அக்கா "போடா" என்றார். அந்தப் 'போடா'வும் மழலையாகவே இருந்ததாம்.

தச்சர் ஒருவர் எங்கள் கட்டுக்கட்டும் அறைக்கு வந்ததை நான் மறக்கமாட்டேன். அவருக்கும் காது கேளாது. பாதத்தில் உளி விழுந்து ஏழு தையல். நான்தான் கட்டுப் போட்டேன். "அஞ்சு நாளைக்குக் கட்டைப் பிரிக்கக் கூடாது, தண்ணி படக் கூடாதுன்னு சொல்லுங்கக்கா" என்றேன். அக்கா சொன்னார். நான் தட்டைக் கழுவிக்கொண்டிருந்தேன். தச்சர் தலையாட்டிவிட்டு நொண்டிக்கொண்டே போனார்.

நான்காம் நாள் காலையில் திரும்பி வந்தார். கட்டு இல்லை. தையல் விட்டு, காயம் வாய் பிளந்து சீழ் கட்டியிருந்தது. முகம் சிவக்க, கட்டைவிரலையும் அடுத்த இரண்டு விரல்களையும் அக்காவின் முகத்துக்கு நேரே நீட்டினார்.

"மூணு நாள்னு நீங்கதானே சொன்னீங்கங்கறாரு," என்று அக்கா எனக்குச் சொல்லிவிட்டு அவர் பக்கம் திரும்பினார். "நான் அஞ்சுன்னுதானே சொன்னேன்!" வாயாலும் சொல்லிக்கொண்டே வலது கையைத் தூக்கி விரித்தார்.

கட்டைவிரல், ஆள்காட்டி விரல், நடுவிரல் நின்றன. மற்ற இரண்டும் உள்ளங்கையில் படுத்திருந்தன.

சொல்லப்போனால் அந்தக் கையை நான் தினம் பார்த்தவள். அன்றைக்குத்தான் கண்ணில் பட்டது. ஜன்னலின் மங்கல் கண்ணாடி வழியாக வந்த வெளிச்சத்தில் அந்தக் கை தனியாக, யாருடைய கையோ போல, அந்தரத்தில் நின்றது. மூன்று பேரும் அதையே பார்த்தோம். அக்கா இடது கையால் அந்த இரண்டு விரல்களையும் நிமிர்த்தப் பார்த்தார். வரவில்லை.

தச்சருக்குக் கோபம் எங்கே போயிற்றோ. அக்காவின் கையை வாங்கி, வளைந்த பலகையைத் தடவிப் பார்ப்பதுபோல உள்ளங்கையிலிருந்த கயிற்றை நீவிப் பார்த்தார். பிறகு ஏதோ சொன்னார்.

"என்னக்கா சொல்றாரு?"

"பலகைன்னா நனைச்சுப் பாரம் ஏத்தி நிமிர்த்திடுவேன், இது முடியாது, டாக்டர்கிட்ட காட்டுங்கறாரு," என்றார் அக்கா. காயத்தைக் கழுவி நான் மறுபடி கட்டி முடிக்கும்வரை அவர் தச்சரின் பாதத்தைத் தன் மடியில் பிடித்துக்கொண்டிருந்தார். அந்தப் பாதம் ஆறுவதற்கு ஒரு மாதம் ஆயிற்று.

எலும்பு டாக்டர் நல்லவர், அவசரக்காரர். "கையை மேசையில தட்டையா வைங்க" என்றார். வைத்தார். உள்ளங்கைக்கும் மேசைக்கும் நடுவே டாக்டர் தன் பேனாவை உருட்டினார். அது தாராளமாக அந்தப் பக்கம் போய்விட்டது. "தோலுக்கு அடியில இருக்கற சவ்வு தடிச்சு, சுருங்கி, விரலை இழுக்குது. உங்க குடும்பத்துல யாருக்காவது இருந்துச்சா?"

"எங்கப்பாவுக்கு. கஞ்சக் கை, விரியவே விரியாதுன்னு ஊரே கேலி பண்ணும். நாங்களும்தான் பண்ணோம்."

"அறுவை பண்ணி இழுப்பை எடுத்துடலாம். ஆனா ஒண்ணரை மாசம் அந்தக் கையை வேலைக்கு விடக் கூடாது. பின்னால திரும்பவும் வரலாம், சொல்ல முடியாது." மூன்று வாரம் கழித்து ஒரு தேதி கொடுத்தார்.

அக்கா அந்தத் தேதியை வேண்டாம் என்றார். என்னால் நம்பவே முடியவில்லை. விஷயம் இதுதான். தையல் வேலை செய்யும் ஒரு பெண், அவளுக்கும் காது கேளாது, தலைப்பிரசவத்துக்கு எங்களிடம் காட்டிக்கொண்டிருந்தாள். அவளுக்கும் அந்த வாரம்தான் நாள் குறித்திருந்தது. கணவன் கப்பல் வேலைக்குப் போயிருந்தான். எங்கள் மருத்துவமனையில் வேறு யாருக்கும் சைகை தெரியாது.

"அவ வலியில ஏதாவது கேட்டான்னா யாரு பதில் சொல்லுவா? நீ சொல்லுவியா?" என்று என்னிடம் பாய்ந்தார். பிறகு தணிந்து, "இந்தக் கையோட போனாலும் ஆபத்து. தள்ளுன்னு சொல்றது நிறுத்துன்னு தெரிஞ்சா?" என்றார். மாடிப்படியில் உட்கார்ந்திருந்தோம். "வாய்ல யாரோ துணியை அடைச்ச மாதிரி இருக்குடி," என்றார். அவர் என்னை 'டி' போட்டது அன்றுதான்.

அன்று மாலையே தம்பி வாத்தியார் ஆனார். அக்காவின் வலது கையை ஒரு துண்டால் இடுப்போடு சேர்த்துக் கட்டி, விளக்குக்கு நேர் கீழே உட்காரவைத்தார். இடது கை மட்டும் பேச வேண்டும். இரக்கமே கிடையாது, பிசகினால் ஆள்காட்டி விரலை ஒரு சுற்றுச் சுற்றுவார்: மறுபடி. 'மூச்சை விடு' என்று சொல்லப்போய் இடது கை 'கதவைத் திற' என்று உளறியது. தம்பி பேசாமல் எழுந்துபோய்க் கதவை அகலத் திறந்துவைத்துவிட்டு வந்து உட்கார்ந்தார். முகத்தில் ஒரு சிரிப்பு இல்லை. அன்றைக்கு ஐந்து தடவை அந்தக் கதவு திறந்ததாம். மூன்றாவது வாரம் நான் போனபோது மூடியே இருந்தது. இரண்டு பேரும் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். அக்கா ஒற்றைக் கையால் ஈடுகொடுத்தார்.

பிரசவம் முடிந்த பிறகு அறுவையும் ஆயிற்று. அக்காவின் மோதிரவிரல் இப்போது நேராக நிற்கிறது. சுண்டுவிரல் பாதிதான் வந்திருக்கிறது. "கூப்பிட்டா அது கொஞ்சம் யோசிச்சுதான் வரும்" என்கிறார். எண் சொல்லும்போது மட்டும் இன்னமும் இடது கைதான். கூடவே தாளில் கோடும் போட்டுக் காட்டுகிறார்.

ஆனால் அவரைப் பற்றிக் கேட்பவர்களுக்கு நான் சொல்வது அந்தப் பிரசவத்தைத்தான். அன்று எனக்குப் பிரசவ அறையில் முறை. மத்தியானம். அந்த அறை அவ்வளவு அமைதியாக இருந்து நான் பார்த்ததில்லை. வலி வரும்போது தையல்காரப் பெண் கட்டிலின் கம்பியை இரண்டு கையாலும் பிடித்துக்கொள்வாள்; கம்பியைப் பிடித்தால் அவளால் பேச முடியாது. கண்ணை இறுக மூடிக்கொள்வாள். மூடினால் அவளுக்கு எதுவும் கேட்காது. கையக்கா அவள் முகத்துக்கு மேலே குனிந்தபடி அந்தக் கண் திறப்பதற்காகக் காத்திருந்தார். திறந்த நொடியில் இடது கை பேசும். மூச்சை விடு. இப்ப தள்ளாதே. நான் இங்கதான் இருக்கேன். கண் மூடிவிடும். மறுபடி காத்திருப்பு. நான்கு மணி நேரம் அப்படியே நின்றார். இடது கை ஒருமுறைகூடத் திக்கவில்லை. வலது கையை முதுகுக்குப் பின்னால் மறைத்துவைத்திருந்தார்.

மூன்றே காலுக்குக் குழந்தை பிறந்தது. பெண். பிறந்த உடனே வீறிட்டது. துடைத்துத் தாயின் மார்பில் கிடத்தினேன். அவள் குழந்தையின் திறந்த வாயைப் பார்த்தாள், பயந்துபோய் அக்காவைப் பார்த்தாள்.

"அழுவுது. நல்லா இருக்கு. எல்லாக் குழந்தையும் அழும்," என்றது இடது கை.

அவள் கம்பியை விட்டாள். இரண்டு கையாலும் ஏதோ கேட்டாள். அக்கா எனக்காக அதை வாயால் சொன்னார்: "அழுகை எப்படி இருக்குன்னு கேக்கறா."

பதில் சொல்ல இடது கை எழுந்தது. நெஞ்சுக்கு நேரே வந்து நின்றது. எதையோ ஆரம்பித்தது, விட்டுவிட்டது, இறங்கியது.

பிறகு கையக்கா தன் வலது கையை முன்னால் கொண்டுவந்தார். அந்த வளைந்த விரல்களால் அவளுடைய கையை வாரி எடுத்து, விரித்து, அழுகையில் அதிரும் குழந்தையின் முதுகில் வைத்து அழுத்திப் பிடித்துக்கொண்டார்.