பட்டன் நேராக உட்கார்ந்தது

அந்தத் தெருவில் பேன்ட் தைக்க வேண்டுமென்றால் எல்லாரும் கைகாட்டுவது இந்த டெய்லரின் கடையைத்தான். டேப்பை எடுக்கும் முன்பே அவர் கண் அளந்துவிடும். யாருக்கு ஒரு தோள் இறக்கம், யாருக்கு ஒரு கால் கட்டை என்பதெல்லாம் பார்த்த மாத்திரத்தில் தெரிந்துவிடும். வாய் திறக்க மாட்டார். துணியில் கூட்டிக் குறைத்துச் சரிக்கட்டிவிடுவார். கோணல் என்றாலே மனுஷனுக்கு ஆகாது. சுவரில் காலண்டர் சாய்ந்திருந்தால்கூடச் சோறு இறங்காது.

அவர் வளர்த்த நாய்க்குப் பட்டன் என்று பெயர். கடைக்கு வருகிறவர்கள் மேலெல்லாம் பிரியமாகத் தாவும். ஒரு நாள், அப்போதுதான் தைத்து வாங்கிய ஒருவரின் வெள்ளைச் சட்டையில் முன்னங்கால் இரண்டையும் பதித்துவிட்டது. டெய்லரின் மனைவி கறாராகச் சொல்லிவிட்டாள்.

"ஒண்ணு அதுக்கு உட்காரக் கத்துக்குடுங்க, இல்லன்னா யார்கிட்டயாவது குடுத்துடுங்க. உங்க ரெண்டு பேரையும் என்னால மேய்க்க முடியாது."

பட்டனைக் கொடுப்பதா? உயிரே போனாலும் மாட்டார். அன்றிலிருந்து கடை மூடியதும் பாடம். ஒரு கையில் பிஸ்கட். இன்னொரு கை பட்டனின் இடுப்பில். "உட்காரு" என்று அழுத்துவார். பட்டன் முனகும், நழுவும், தையல் மிஷினுக்கு அடியில் போய் ஒளியும். "கொழுப்பப் பாரு இதுக்கு!" என்று மரஸ்கேலால் இடுப்பிலேயே ஒன்று வைப்பார்.

ஒருவழியாக உட்கார்ந்தது. ஆனால் ஒரு பின்னங்காலைப் பக்கவாட்டில் நீட்டிக்கொண்டு, சாய்ந்தபடி.

"ஜமீன்தார் மாதிரி உட்கார்ந்திருக்கான் பாருங்க" என்று மனைவி சிரித்தாள்.

அவருக்குச் சிரிப்பு வரவில்லை. நீட்டிய காலைப் பிடித்து உள்ளே மடக்கினார். நேராக உட்கார்ந்தால்தான் பிஸ்கட் என்றாகிவிட்டது. கடைசியில் பட்டன் உடம்பெல்லாம் நடுங்க நேராக உட்கார்ந்தது. பிஸ்கட் ஆசையில் நடுங்குகிறது என்று நினைத்தார். வருகிறவர்களிடமெல்லாம் பெருமையாகச் செய்துகாட்டினார்.

ஒரு நாள் மாடிப்படி ஏறமுடியாமல் பட்டன் பாதியிலேயே நின்று அழுதது. கால்நடை டாக்டரிடம் தூக்கிக்கொண்டு ஓடினார். டாக்டரம்மா எக்ஸ்ரேயை வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினார்.

"பிறவியிலேயே இடுப்பு மூட்டு சரியாப் பொருந்தலைங்க. காலை நீட்டி உட்கார்ந்தா இதுக்கு வலி கொஞ்சம் கம்மியா இருக்கும். யாராவது மடக்கி உட்கார வச்சீங்களா?"

டெய்லர் ஆமாம் என்று தலையை ஆட்டினார். ஊரார் கட்டைக்காலெல்லாம் பட்ட கண்ணில், காலடியில் கிடந்த பிள்ளையின் இடுப்பு படவில்லையே! வலிக்கிறது என்று அது முனகிச் சொன்னதற்கு அடித்தாரே! படுபாவி என்று தன்னையே திட்டிக்கொண்டார்.

"தெரியாமத்தானே செஞ்சீங்க?" என்று வீட்டில் மனைவி தேற்றினாள்.

"தெரிஞ்சிருக்கணும்டி. அதுதானே என் தொழில்."

வலி மாத்திரையைப் பிஸ்கட்டுக்குள் வைத்து எடுத்து வந்தார். "உட்காரு" என்று அவர் சொல்லவே இல்லை. பிஸ்கட்டைக் கண்டதும் பட்டன் மெல்ல எழுந்து வந்து, பின்னங்காலை இழுத்து உள்ளே வைத்து, அவர் கற்றுக்கொடுத்தபடியே கொஞ்சமும் சாயாமல் உட்கார்ந்தது. நடுங்கிக்கொண்டே அவர் முகத்தைப் பார்த்தது. வேண்டாம் என்று அதட்டினால், தான் ஏதோ தப்புச் செய்துவிட்டதாக அது நினைக்கும்.

தரையில் உட்கார்ந்து அதை வாரி மடியில் போட்டுக்கொண்டார்.

"சமத்துடா நீ" என்றார் அழுதுகொண்டே. பட்டன் சந்தோஷமாக வாலாட்டியது.