பேக்கன் சுற்றிய கொத்தவரங்காய்

அந்த வாரம் முழுவதும் அப்பா நிம்மதியாக உட்காரவே இல்லை. சாப்பிடும்போதுகூட ஒரு காலைத்தான் மடக்குவார். யாரோ கூப்பிட்டால் எழுந்து ஓடவேண்டியவர் போல இன்னொரு கால் தயாராக இருக்கும். மில்லுக்குப் புது இயந்திரம் பூட்டச் சீமையிலிருந்து வந்திருந்த துரை, ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் எங்கள் வீட்டுக்கு வருவதாகச் சொல்லியிருந்தார்.

எனக்கு அப்போது எட்டு வயது. சிங்காநல்லூருக்குக் கிழக்கே எங்களுக்குக் கொஞ்சம் சோளக்காடும் ஒரு கிணறும் இருந்தன. நீலகிரியில் பைக்காரா ஆற்றிலிருந்து எடுத்த கரண்டு கோயமுத்தூருக்கு வந்த புதிது. ஊரைச் சுற்றி மில்லுகள் முளைத்துக்கொண்டிருந்தன. அப்பா காட்டை ஆள்காரரிடம் விட்டுவிட்டு மில்லில் இயந்திரம் பூட்டும் பிட்டராகச் சேர்ந்திருந்தார். வேலை முடிந்து சீமைக்குத் திரும்புவதற்குள் துரை ஒருவரைத் தலைமை மேஸ்திரியாகச் சொல்லிவிட்டுப் போவார் என்று பேச்சு. அதற்கு இரண்டே பேர்தான் போட்டி. ஒருவர் அப்பா. இன்னொருவர் வெள்ளகோவில்காரர். அவர் ஏற்கெனவே துரைக்கு ஒரு வான்கோழி கொடுத்துவிட்டார்.

அந்த வான்கோழி அப்பாவைத் தூங்கவிடவில்லை. அதை மிஞ்சும்படி என்ன செய்வது என்று யோசித்து, கடைசியில் துரை பங்களா வராந்தாவில் ஒரு தட்டில் பார்த்த பலகாரம் அவர் ஞாபகத்துக்கு வந்தது. பச்சையாக ஏதோ காயைக் கட்டாக வைத்து, அதன்மேல் சிவப்பும் வெள்ளையுமாக ஒரு பட்டையைச் சுற்றி, வாட்டி வைத்திருந்தார்களாம். துரை ஒவ்வொன்றாக எடுத்து வாயில் போட்டுக்கொண்டே இருந்தாராம்.

அம்மாவின் தம்பி, என் மாமா, அப்போது கோயமுத்தூரில் ஹைஸ்கூல் கடைசி வகுப்புப் படித்துக்கொண்டிருந்தார். எங்கள் குடும்பத்தில் இங்கிலீஷ் என்றால் அவர்தான். அப்பா சொன்னதைக் கேட்டு அவர் தயங்கித் தயங்கிச் சொன்னார்.

"அதுக்குப் பேக்கன்னு பேருங்க மச்சான். பன்னிக்கறி. உப்புப் போட்டுப் பதம் பண்ணி வெச்சிருப்பாங்க. நம்ம உப்புக்கண்டம் மாதிரிதான்."

முறத்தில் பருப்புப் புடைத்துக்கொண்டிருந்த அம்மாவின் கை நின்றது. எங்கள் வீட்டில் ஆடு உண்டு, கோழி உண்டு. பன்றி என்ற பேச்சே கிடையாது. அம்மா முறத்தை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். அப்பா அவள் பின்னாலேயே போனார், வந்தார், மறுபடி போனார். இரண்டு நாள் அந்த நடை நடந்தது. மூன்றாம் நாள் அம்மாவே சொன்னாள்.

"ஊட்டுக்குள்ள வராது. கட்டுத்தரைக்கு அக்கட்ட மூணு கல்லு வெச்சுச் செஞ்சு தாரேன். என்ற சட்டி பானை ஒண்ணையும் தொடப்புடாது."

கட்டுத்தரை என்பது வீட்டுக்குப் பின்னால் மாடு கட்டும் இடம். மாமா டவுனில் ரயிலடிக்குப் பக்கம் வெள்ளைக்காரர்கள் சாமான் வாங்கும் கடைக்குப் போய் இரண்டு டின் பேக்கன் வாங்கி, சைக்கிளில் பள்ளிக்கூடப் புத்தகத்துக்கு அடியில் மறைத்துக் கொண்டுவந்தார். அப்பா மில்லிலிருந்து ஒரு இரும்புத் தகடு கொண்டுவந்தார். பங்களாவில் பார்த்த காய் பீன்ஸ் என்றார் மாமா. அது ஊட்டியிலிருந்து வரவேண்டும். அதற்குப் பதில் அம்மா கிணற்றடிப் பாத்தியில் காய்த்த கொத்தவரங்காயைப் பறித்துக்கொண்டாள்.

முதல் தடவை எல்லாம் கெட்டுப்போனது. காயை அவள் வழக்கம்போல உப்புப் போட்டு வேகவைத்தாள். பட்டையிலேயே உப்பு இருந்ததால் வாயில் வைக்க முடியவில்லை என்று மாமா துப்பினார். கட்டும் அவிழ்ந்து தகட்டின்மேல் பரவியது. கொழுப்பு உருகி நெருப்பில் சொட்டி, குப்பென்று எரிந்து, அம்மாவின் புருவம் கருகியது. மாடுகள் கயிற்றை இழுத்துக்கொண்டு நின்றன. தெரு நாய்கள் வேலிக்கு வெளியே வரிசையாக வந்து உட்கார்ந்துவிட்டன. அப்பா கிணற்றுக்கும் அடுப்புக்கும் நடந்துகொண்டே இருந்தார்.

அம்மா மட்டும் பதறவில்லை. அன்றைக்கு அவள் முகத்தில் ஒரு பிடிவாதத்தைப் பார்த்தேன். இரண்டாம் தடவை கொத்தவரங்காயை உப்பில்லாமல் அரை வேக்காடு வேகவைத்து, நீரை வடித்து, துணியில் ஒற்றினாள். விரல் நீளத்துக்கு நறுக்கி, ஆறு ஏழு காயாகச் சேர்த்து, கொஞ்சம் மிளகுத்தூள் தூவினாள். பட்டையை இழுத்துச் சுற்றி, நுனியில் தென்னை ஈர்க்குச்சியைக் குத்தினாள். சுற்றின முனை அடியில் இருக்கும்படி தகட்டில் வைத்தாள். தணலைத் தள்ளித் தள்ளிச் சூட்டைக் குறைத்தாள். கொத்தவரங்காயின் கசப்புக்கு, கடைசியில் துளி வெல்லப்பாகு தடவினாள். அது யாரும் சொல்லிக்கொடுத்ததில்லை. பட்டை சுருங்கி, ஓரம் மொறுமொறுத்து, கட்டு கட்டாகப் பளபளவென்று நின்றது.

அப்பாவும் மாமாவும் மேசை நாற்காலி இரவல் வாங்கப் போயிருந்த நேரத்தில், அம்மா சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு ஒன்றை எடுத்து வாயில் போட்டுக்கொண்டாள். கண்ணை மூடி மென்றாள். நான் வைக்கோல் போருக்குப் பக்கத்தில் நிற்பதைப் பார்த்ததும் திடுக்கிட்டாள்.

"உப்புக் காரம் பாக்காம ஒருத்தருக்கும் நான் வெச்சதில்ல அம்மணி. அப்பங்கிட்டச் சொல்லாதே."

பிறகு வாயைக் கொப்பளித்தாள், தலைக்குக் குளித்தாள், வேறு சேலை கட்டிக்கொண்டுதான் வீட்டுக்குள் வந்தாள்.

துரை வந்தார். வாசலில் போட்ட இரவல் நாற்காலி அவருக்குப் பற்றவில்லை. பலகாரக் கட்டு ஒன்றை எடுத்து மோந்து பார்த்து, கடித்து, அப்பாவை ஒருமுறை பார்த்தார். அதற்கப்புறம் தட்டு காலியாகும்வரை பேசவில்லை. அம்மாவும் நானும் கதவுக்குப் பின்னால் நின்றோம். மாமா வாசற்படியில் நின்று காதில் விழுந்ததை எங்களுக்குச் சொல்லிக்கொண்டிருந்தார்.

"ரொம்ப நல்லா இருக்குதுங்கிறாரு. சீமையில இப்படித் தின்னதில்லைங்கிறாரு. யாரு செஞ்சதுன்னு கேக்குறாரு அக்கா."

"உன்ற மச்சான் என்ன சொல்றாரு?"

மாமா வாசலைத் திரும்பிப் பார்த்தார். "சமையலுக்குப் பட்லர் வெச்சுச் செஞ்சதுன்னு சொல்றாருங்க."

அம்மா தலையை ஆட்டிக்கொண்டாள். ஊர்க்காரர்கள் நாலைந்து பேர் துரையைப் பார்க்க வாசலில் கூடியிருந்தார்கள். பன்றியை வீட்டுப் பெண் தொட்டாள் என்று அவர்கள் காதில் விழக்கூடாது. அப்பா சமர்த்தாகச் சமாளித்துவிட்டார் என்றுதான் நானும் நினைத்தேன்.

ஆனால் துரை போகும்போது இன்னொன்றும் சொல்லிவிட்டுப் போனார். சனிக்கிழமைதோறும் அவர் பங்களாவில் சிநேகிதர்கள் கூடிச் சீட்டாடுவார்கள். அந்தப் பட்லரை விட்டு அவர்களுக்கும் இதைச் செய்து அனுப்ப முடியுமா?

அப்பாவால் இல்லையென்று சொல்ல முடியுமா? அப்புறம் எங்கள் வீட்டில் சனிக்கிழமை வந்தாலே கால் தரையில் பாவாது. அம்மா காலையிலிருந்து கட்டுத்தரையில் நிற்பாள். மாமா இதற்கென்றே வாங்கிய தூக்குப்போசியில் பலகாரத்தை மூடி மாட்டு வண்டியில் வைத்துக்கொண்டு பங்களா வாசலுக்கு ஓட்டுவார். மில்லிலிருந்து நேராக அங்கே வந்து காத்திருக்கும் அப்பா அதை வாங்கி உள்ளே கொண்டுபோவார். பட்லர் எங்கே என்று துரை கேட்டால், முதல் வாரம் கண்வலி, அடுத்த வாரம் பாட்டனார் சாவு. அப்பாவுக்குப் பொய் சொல்லிப் பழக்கம் இல்லை. ஒவ்வொரு பொய்க்கும் நாலு நாள் வீட்டைச் சுற்றி நடப்பார்.

அம்மா ஒவ்வொரு வாரமும் ஒன்றை மாற்றினாள். ஒரு வாரம் பிஞ்சுக் கத்தரிக்காயைப் பிளந்து சுற்றினாள். ஒரு வாரம் வெண்டைக்காய். வெண்டைக்காய் சரிவரவில்லை என்று அவளே அதை நாய்களுக்குப் போட்டுவிட்டுப் புதிதாகச் செய்தாள். அப்பா திரும்பி வந்ததும் கேட்பாள்.

"துரை என்ன சொன்னாருங்க?"

"நல்லா இருக்குதாம்."

"அவ்வளவுதானுங்களா?"

"வேறென்ன சொல்லோணும்?"

நாலாவது சனிக்கிழமை அப்பா ஒரு காகிதம் கொண்டுவந்தார். துரை சந்தோஷப்பட்டுப் பட்லருக்கு நற்சாட்சிக் கடிதம் எழுதிக் கொடுத்திருந்தார். அப்பா அதை யாரிடமும் காட்டாமல் சட்டைப் பையில் வைத்து மறந்துவிட்டார். மறுநாள் துணி துவைக்க எடுத்த அம்மாவின் கையில் அது கிடைத்தது. மாமாவைக் கூப்பிட்டுப் படிக்கச் சொன்னாள்.

இந்தப் பலகாரத்தைச் செய்த சின்னப்பன் என்பவர், நான் இந்தியாவுக்கு வந்த பிறகு எனக்குச் சமைத்துப் போட்ட சமையல்காரர்கள் எல்லோரிலும் கைதேர்ந்தவர். சுத்தமானவர். நேரம் தவறாதவர். குடிப்பழக்கம் இல்லாதவர். எந்தக் கனவானும் நம்பி வேலைக்கு வைத்துக்கொள்ளலாம். கீழே துரையின் கையெழுத்து.

"சின்னப்பன்னா யாரு?" என்றாள் அம்மா.

மாமா அப்பாவைப் பார்த்தார். அப்பா கிணற்றுப் பக்கம் பார்த்தார்.

"துரை பேரு கேட்டாரு. வாயில வந்ததைச் சொல்லிப்போட்டேன்."

"என்ற பேரு வாயில வரலீங்களா?"

அம்மா கடிதத்தை வாங்கி மடித்து முந்தானையில் முடிந்துகொண்டாள். அந்த வாரம் அப்பா நடக்கவில்லை. அம்மாதான் நடந்தாள். அடுப்படிக்கும் வாசலுக்கும், வாசலுக்கும் அடுப்படிக்கும். பால் இரண்டு தரம் பொங்கி வழிந்தது.

அடுத்த சனிக்கிழமை மாமா வண்டி பூட்டியதும், அம்மா தூக்குப்போசியை மடியில் வைத்துக்கொண்டு தானே ஏறி உட்கார்ந்தாள். நான் அழுது அடம்பிடித்ததால் என்னையும் ஏற்றிக்கொண்டாள். பங்களா வாசலில் அப்பா நின்றிருந்தார். அவளைப் பார்த்ததும் அவர் முகம் வெளுத்துவிட்டது.

"நீ எதுக்கு இங்க வந்தே?"

"ஆறிப்போச்சுன்னா கொழுப்பு ஒறைஞ்சு போகுமுங்க. வழி உடுங்க."

வராந்தாவில் நாலு வெள்ளைக்காரர்கள் சீட்டு விரித்திருந்தார்கள். அம்மா படியேறிப் போய்த் தூக்குப்போசியை மேசைமேல் வைத்து மூடியைத் திறந்தாள். பிறகு, துரையைப் பார்க்காமல் மாமாவிடம் சொன்னாள்.

"தம்பி, நாஞ் சொல்றதை அப்படியே சொல்லு. கூட்டவும் வேண்டாம், கொறைக்கவும் வேண்டாம். சின்னப்பன்னு ஒருத்தருமில்லீங்க. இது நானுங்க செஞ்சது. இதுக்கு முந்தி வந்ததெல்லாமும் நான் செஞ்சதுதானுங்க."

மாமாவின் இங்கிலீஷ் அன்று நடுங்கியது. யாரோ ஒரு வெள்ளைக்காரர் சிரித்தார். துரை சிரிக்கவில்லை. அப்பாவைப் பார்த்து ஏதோ கேட்டார். அப்பா தரையைப் பார்த்தபடி தலையசைத்தார். அம்மா முந்தானை முடிச்சை அவிழ்த்துக் காகிதத்தை நீட்டினாள். துரை அதை வாங்கினார். பேனாவைத் திறந்து சின்னப்பன் என்ற பெயர்மேல் ஒரு கோடு கிழித்தார். மில்லில் ஆட்களிடம் பழகிய அரைகுறைத் தமிழில் கேட்டார்.

"பேரு?"

அம்மா தன் பெயரைச் சொன்னாள். அவள் வாயால் அவள் பெயரை அன்றுதான் கேட்டேன். துரைக்குப் பிடிபடவில்லை. இன்னொரு தரம், எழுத்து எழுத்தாக, பொறுமையாகச் சொன்னாள். அவர் எழுதினார். அதற்கப்புறமும் காகிதத்தில் அங்கங்கே திருத்தினார். அவன் என்று இருந்த இடமெல்லாம் அவள் என்று ஆக்கினார் என்று மாமா பிறகு சொன்னார். குடிப்பழக்கம் இல்லாதவர் என்பதை மட்டும் அப்படியே விட்டுவிட்டாராம்.

தலைமை மேஸ்திரி வேலை வெள்ளகோவில்காரருக்குப் போனது. பொய் சொன்னதாலா, வான்கோழியாலா, இல்லை அவர் உண்மையிலேயே நல்ல வேலைக்காரர் என்பதாலா, யாருக்கும் தெரியாது. அப்பா பல நாள் அம்மாவோடு பேசவில்லை. ஏதாவது வேண்டுமென்றால் என்னிடம் சொல்லி அனுப்புவார். மூன்று வருஷம் கழித்து வேறொரு மில்லில் அவரும் தலைமை மேஸ்திரி ஆனார். அப்புறம் ஒறம்பரை வந்தால், விருந்தாளிகள் முன்னால் அவரே இந்தக் கதையைச் சிரிக்கச் சிரிக்கச் சொல்வார். சின்னப்பன் வரும் இடத்தை மட்டும் தாண்டிவிடுவார்.

ஆனால் எனக்கு அதிகம் ஞாபகம் இருப்பது அன்றைக்கு வண்டியில் திரும்பி வந்தது. அப்பா ஏறவில்லை. பின்னாலேயே நடந்து வந்தார். அம்மா கடிதத்தை மாமாவிடம் கொடுத்து வாசிக்கச் சொன்னாள். மாமா வாசித்துத் தமிழில் சொன்னார். நொய்யல் ஆற்றங்கரை வந்ததும் மறுபடியும் வாசிக்கச் சொன்னாள். அப்புறம் இன்னொரு தரம்.

"அதேதானுங்க அக்கா," என்றார் மாமா. "நாலே வரி. மாறிக்குமுங்களா?"

"மாறாட்டிப் போகுது. படி."

அம்மாவுக்கு அர்த்தம் புரியவில்லை என்று நினைத்து எனக்குப் பாவமாக இருந்தது. பெரியவர்களுக்கு இங்கிலீஷ் சங்கதி சட்டென்று ஏறாது என்று எனக்குத் தெரியும். அதனால் அவள் மடியில் சாய்ந்துகொண்டு, அவளுக்கு விளங்கும்படி மெதுவாக எடுத்துச் சொன்னேன்.

"அம்மா, நீ நல்லாச் சமைக்கிறியாம்மா. அதைத்தான் எழுதியிருக்குது."

"அப்படியா அம்மணி?" என்றாள் அம்மா, அதை முதன்முதலாகக் கேட்பவள் போல.